பெட்டிக்கு அடியில் போன புத்தகம்

புதுச் சாமான் வீட்டுக்கு வந்ததும், கத்தி தேடப் பொறுமையில்லாமல் வண்டிச் சாவியாலேயே அட்டைப்பெட்டியைக் கிழித்து, உள்ளே இருக்கும் தெர்மாகோலை உடைத்து வீடெல்லாம் வெள்ளைப் பொடியாக்கி, திருகாணிப் பொட்டலத்தைச் சட்டைப்பையில் போட்டு அதைச் சட்டையோடு துவைக்கவும் விட்டுவிட்டு, கூடவே வந்த சின்னப் புத்தகத்தை மட்டும் கரண்டுக் கம்பியைப் பார்ப்பதுபோல் பார்த்துத் தள்ளி வைக்கிற ஒரு மனுச இனம் உண்டு. நீங்கள் பார்த்திருப்பீர்கள். பார்க்காமல் எங்கே போவது? தெருவுக்கு நாலு பேர் இருக்கிறார்கள். 'அதைப் படிச்சுப் பாத்துட்டு மாட்டுங்க' என்று யாராவது சொன்னால் போதும், உதட்டை ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டு, "நமக்குத் தெரியாததா?" என்பார்கள். இந்த இனத்துக்கு நான் வைத்திருக்கும் பெயரே அதுதான்.

கேட்பதற்குக் கேள்வி மாதிரி இருக்கும். கேள்வி இல்லை. தீர்ப்பு.

இவர்களில் புதிதாய்ச் சேர்ந்தவர்கள் உண்டு, பரம்பரையாய் வந்தவர்களும் உண்டு. திண்டுக்கல்லில், வடமதுரை போகிற ரோட்டில் மோட்டார்க் காயில் கட்டும் கடை வைத்திருக்கும் உடையப்பன் பரம்பரைக்காரர். அவருடைய அப்பா ஒரு காலத்தில் ரேடியோவைப் புத்தகம் பார்க்காமல் திறந்து, புத்தகம் பார்க்காமலே மூடினார். அதற்குப் பிறகு அந்த ரேடியோ வாய் திறக்கவில்லை. மகன் கொஞ்சம் தேவலை. எரிந்துபோன போர் மோட்டாரைக் கொண்டுபோய்க் கொடுத்தால் மோந்து பார்த்தே எந்தச் சுற்று போயிருக்கிறது என்று சொல்லிவிடுவார். முப்பது வருசமாகப் பூமிக்கு அடியில் கிடக்கிற தண்ணீரை மேலே ஏற்றிக்கொண்டிருக்கும் மனுசனுக்கு, தண்ணீரைப் பற்றிக் காகிதம் வந்து பாடம் எடுப்பதா?

காகிதம் வந்த கதை இதுதான். அவருடைய வீட்டம்மா சண்முகவள்ளிக்கு இரண்டு வருசமாக வலது முட்டி மடங்குவதில்லை. 'வெந்நீரில் முட்டி முழுக ஊற வையுங்க' என்று ஆஸ்பத்திரியில் சொன்னார்கள். பக்கெட்டில் காலை விட்டால் கணுக்கால்தான் முழுகும். முட்டிக்குத் தனியாக ஒரு பக்கெட்டைக் கட்டித் தொங்கவிடவா முடியும்? பெங்களூரில் வேலை பார்க்கிற மகள் ஜீவிதா ஒரு வெந்நீர்த் தொட்டி அனுப்பிவிட்டாள். காற்று ஊதி நிறுத்துகிற தொட்டி. நாலு பேர் வட்டமாக உட்காரலாம். பக்கத்தில் தண்ணீரைச் சுடவைக்க ஒரு பெட்டி, பெட்டிக்கும் தொட்டிக்கும் நடுவே இரண்டு குழாய், பெட்டியின் தலையில் பட்டன்கள். ஒன்றை அமுக்கினால் சூடு, இன்னொன்றை அமுக்கினால் அடியிலிருந்து குமிழி.

தொட்டி வந்துவிட்டது. தண்ணீர்?

போர் தண்ணீரை ஊற்றினால் ஒரே வாரத்தில் உள்ளே வெள்ளையடித்த மாதிரி உப்புப் படிந்துவிடும். நல்ல தண்ணீர் அந்தத் தெருவுக்குப் பத்து நாளைக்கு ஒரு தடவை. சண்முகவள்ளி என்ன செய்தாள், குளிக்க, துவைக்க, பாத்திரம் விளக்க எல்லாவற்றுக்கும் உப்புத் தண்ணீரையே வைத்துக்கொண்டு, சோறு பொங்க நாலு குடம் தனியே எடுத்து வைத்துவிட்டு, தரைத்தொட்டியில் இருந்த நல்ல தண்ணீரைத் துளித்துளியாய் மிச்சம் பிடித்தாள். வெள்ளிக்கிழமை குழாயில் வந்த தண்ணீரும் சேர்ந்து, புதுத் தொட்டி கழுத்துவரை நிறைந்தது. இதைக் கெடுத்தால் முட்டி இன்னும் பத்து நாள் காத்திருக்க வேண்டும். அது அவளுக்குத் தெரியும். அவருக்கும் தெரியும். தெரியும் என்பதுதானே அவருக்கு வியாதியே.

தொட்டியைப் பின்வாசலில், துவைக்கிற கல்லுக்குப் பக்கத்தில் வைத்தார்கள். அங்கே தரை, தண்ணீர் வடிவதற்காகக் கொஞ்சம் சரிவாக இருக்கும். தொட்டி சரிவைக் கண்டுகொள்ளவில்லை. பெட்டிதான் ஒரு பக்கமாகச் சாய்ந்து ஆடியது. ஆட்டம் என்றால் உடையப்பனுக்கு ஆகாது. சுற்றும் முற்றும் பார்த்தார். கல் எடுத்து வைத்தால் உயரம் அதிகம். அட்டை வைத்தால் ஊறிவிடும். வழவழப்பான தாளில், சரியான கனத்தில், இரண்டாக மடித்தால் அளவெடுத்துச் செய்த மாதிரி ஒரு பொருள் கையிலேயே இருந்தது. வைத்தார். ஆட்டம் நின்றது.

"ஏங்க, அந்தப் புத்தகத்தை எங்க வச்சீங்க?" என்று உள்ளேயிருந்து சத்தம் வந்தது. சண்முகவள்ளி மருந்துச் சீட்டின் பின்பக்கத்தைக்கூட விடாமல் படிக்கிறவள்.

"பத்திரமா இருக்கு."

"எங்கன்னு கேட்டேன்."

"ஒரு வேலையா இருக்கு. விடு."

வெள்ளிக்கிழமை சாயங்காலம் சூட்டுப் பட்டனை அமுக்கினார். தண்ணீர் சுடுவதற்கு ஒரு ராத்திரி முழுக்க ஆகும். இது புத்தகத்தில் இருந்தது. ஆகையால் அவருக்குத் தெரியாது. பத்து நிமிசத்துக்கு ஒருமுறை மூடியைத் தூக்குவார், கையை விடுவார், "ம்ஹூம்" என்பார், மூடுவார். ஏறிய சூடெல்லாம் அவர் தூக்கும்போதே ஆவியாகப் போய்விடும். திரும்ப வந்து தூக்குவார். கடைசியில் அவர் தூங்கப் போன பிறகுதான் அந்தப் பெட்டிக்கு நிம்மதியாக வேலை பார்க்க முடிந்தது. சனிக்கிழமை காலையில் தண்ணீர் பதமாக இருந்தது. கையை விட்டால் எடுக்க மனசு வராது.

மகள் வீடியோவில் வந்தாள். "அப்பா, புத்தகம் படிச்சீங்களா?"

"படிக்காமலா? முதல்லயிருந்து கடைசிவரைக்கும்."

"அதுல தமிழே கிடையாதேப்பா."

"அதான் சீக்கிரம் முடிஞ்சிருச்சு."

சண்முகவள்ளி துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு, சுவரைப் பிடித்துப் பிடித்துப் பின்வாசலுக்கு வந்தாள். இரண்டு வருசத்தில் அன்றைக்குத்தான் அவள் முகத்தில் ஒரு வெளிச்சம். உடையப்பன் கையை நீட்டித் தடுத்தார்.

"செத்த பொறு. நான் முதல்ல இறங்கி சோதிச்சுப் பாத்துர்றேன். உனக்கு ஒண்ணு ஆச்சுன்னா?"

பாருங்கள், எவ்வளவு பாசம். இந்த இனத்தில் எல்லோருமே முதலில் சோதித்துப் பார்க்கிறவர்கள்தான். புது ஊஞ்சலானாலும் சரி, புதுச் சோபாவானாலும் சரி, வீட்டாளுக்கு ஆபத்து வரக்கூடாது என்று முதல் ஆளாக ஏறி ஒரு மணி நேரம் தியாகம் செய்வார்கள்.

அன்றைக்குச் சனிக்கிழமை வேறு. சனிக்கிழமை என்றால் உடையப்பனுக்கு எண்ணெய்க் குளியல். இம்புட்டு வெந்நீரில் வெறும் உடம்போடு போய் உட்கார்ந்தால் சூடு தலைக்கு ஏறிவிடாதா? இதையெல்லாம் வெளிநாட்டுக்காரன் எங்கே யோசித்திருக்கப் போகிறான்? நல்லெண்ணெயை மிளகு போட்டுக் காய்ச்சி, உச்சந்தலையிலிருந்து உள்ளங்கால்வரை வழிய வழியத் தேய்த்து, அரைமணி வெயிலில் உலாத்திவிட்டு, ஒரு கிண்ணம் சீயக்காயைக் கரைத்துக் கையோடு எடுத்துக்கொண்டு தொட்டிக்குள் இறங்கினார். உட்கார்ந்தார். "ஆகா" என்றார். தலையில் சீயக்காயை அப்பினார். தேய்த்தார். முங்கினார்.

பிறகு குமிழிப் பட்டனை அமுக்கினார்.

சீயக்காயும் எண்ணெயும் வெந்நீரும் சேர்ந்து கிடக்க, அடியிலிருந்து நூறு ஓட்டை வழியாகக் காற்று அடித்தால் என்ன ஆகும் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. முதலில் இடுப்பளவு நுரை. அப்புறம் கழுத்தளவு. பழுப்பு நிறத்தில் பொங்கிப் பொங்கி, விளிம்பு தாண்டி, துவைக்கிற கல்லை முழுங்கி, சாக்கடைப் பக்கம் நடக்க ஆரம்பித்தது. நடுவில் உடையப்பனின் தலை மட்டும், பொங்கல் பானையில் மிதக்கிற முந்திரி மாதிரி.

பக்கத்து வீட்டுப் பாண்டியராஜ் காம்பவுண்டுச் சுவருக்கு மேலே எட்டிப் பார்த்தான். "அண்ணே, என்ன, காப்பி பொங்கிருச்சா?"

"ஒண்ணுமில்ல. இது இப்படித்தான் ஓடும்."

"அப்ப சரி. எங்க வாசலுக்கு வந்திருச்சு, அதான் கேட்டேன்."

பட்டனை அமுக்கி நிறுத்தப் பார்த்தார். எண்ணெய் விரல் வழுக்கியது. பெட்டிக்குள் ஏதோ தொண்டை அடைத்த மாதிரி கரகரத்து, சின்னத் திரையில் ஓர் எழுத்தும் ஓர் எண்ணும் மின்னின. சரி, எழுந்து வெளியே வந்துவிடலாம் என்று காலை ஊன்றினார். வழவழத் தொட்டி, வழவழ மனுசன். எழுந்தார், சறுக்கி உட்கார்ந்தார். மறுபடி எழுந்தார், மறுபடி உட்கார்ந்தார். மூன்றாம் தடவை எழவில்லை; உட்கார்ந்தே யோசித்தார். கடைசியில், முட்டி ஊறவேண்டியவள் முட்டியைப் பிடித்துக்கொண்டு வந்து, தான் துவட்டிக்கொள்ள வைத்திருந்த துண்டை ஒரு முனையில் பிடித்து மறுமுனையை அவரிடம் வீசி, கிணற்றில் விழுந்த குடத்தை எடுப்பதுபோல் எடுத்தாள். 'அம்மா' என்று ஒரு முனகல். அவருடையது இல்லை.

"எண்ணெய் தேச்சா இறங்குனீங்க?"

"சனிக்கிழமைல்ல?"

சண்முகவள்ளி போனில் மகளைக் கூப்பிட்டுப் பெட்டியின் திரையைக் காட்டினாள். "அம்மா, வடிகட்டி அடைச்சுக்கிச்சு. பயப்படாத. கழட்டிக் கழுவிட்டா தண்ணியையே காப்பாத்திரலாம். புத்தகத்துல பதினோராம் பக்கம் பாரு, படத்தோட போட்டிருக்கும்."

தண்ணீரைக் காப்பாற்றலாம். அதைக் கேட்டதும் சண்முகவள்ளியின் முகம் திரும்பத் தெளிந்தது. "இப்பவாவது சொல்லுங்க. புத்தகம் எங்க?"

உடையப்பன் கண்ணால் காட்டினார். பெட்டிக்கு அடியில்.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். அன்றைக்கு அவர் செய்ததிலேயே உருப்படியான காரியம், முதலில் போய் மெயினை அணைத்ததுதான். மோட்டார்க்காரர் இல்லையா. அடுத்து, பெட்டியைக் கழற்றுவதற்கு முன் தொட்டிக்குள் குழாய் போகிற இரண்டு ஓட்டைகளையும் மூடியால் அடைக்க வேண்டும். அந்த மூடிகள் திருகாணிப் பொட்டலத்தோடு அவருடைய சட்டைப்பைக்குப் போனவை. எப்படி அடைப்பது என்பது ஒன்பதாம் பக்கம். ஒன்பதாம் பக்கம் பெட்டிக்கு அடியில். உடையப்பன் கடப்பாரையைக் கொண்டுவந்தார்.

"ஏங்க, குழாய் மாட்டியிருக்கே."

"நமக்குத் தெரியாததா?"

ஒரு நெம்பு. புத்தகம் கையில் வந்தது. இரண்டு குழாயும் கழன்றன. பத்து நாள் தண்ணீர், துளித்துளியாய்ச் சேர்ந்தது, துளித்துளியாய்ப் போகவில்லை. நுரையை முன்னே தள்ளிக்கொண்டு மடமடவென்று பாண்டியராஜின் வாழைக்குப் போய்ச் சேர்ந்தது. காற்று நிறைந்த தொட்டி மட்டும் வயிறு காலியாகி நின்றது. சண்முகவள்ளி துவைக்கிற கல்லில் உட்கார்ந்து, காலை நீட்டி, முட்டியை உள்ளங்கையால் மூடிக்கொண்டாள். அழவில்லை. அதுதான் அவருக்குத் தாங்கவில்லை.

தாங்காதபோது இந்த இனம் என்ன செய்யும்? சொட்டச் சொட்ட நனைந்த புத்தகத்தை உயர்த்திப் பிடித்தார். "பாத்தியா? இந்தப் புத்தகத்தை எடுக்கப் போயித்தான் அம்புட்டுத் தண்ணியும் போச்சு. இது இல்லாம இருந்திருந்தா ஒண்ணும் ஆயிருக்காது."

அவள் அதை அவர் கையிலிருந்து வாங்கினாள். ஒட்டிக்கொண்ட தாள்களை ஒவ்வொன்றாகப் பிரித்து, கொடியில் அவருடைய பனியனுக்கு நடுவே கிளிப் போட்டுத் தொங்கவிட்டாள். காய்ந்ததும் அரிசி மூட்டைக்கு அடியில் வைத்து நிமிர்த்தினாள். கண்ணாடி போட்டுக்கொண்டு பத்து நாளும் படம் படமாகப் படித்தாள். எழுத்து புரியாத இடத்தில் மகளைக் கூப்பிட்டாள். சோப்புத்தூள் போட்டுத் தொட்டியைக் கழுவியதும், சட்டைப்பையில் மூடிகளைத் தேடி எடுத்ததும், அரைச் செங்கல்லை உடைத்துத் தேய்த்துப் பெட்டிக்கு முட்டுக் கொடுத்ததும் உடையப்பன். அவள் சொல்லச் சொல்லச் செய்தார். 'தெரியும்' என்று ஒவ்வொன்றுக்கும் சொல்லிக்கொண்டே செய்தார்.

குழாயில் மறுபடி தண்ணீர் வந்து, ராத்திரி முழுக்கச் சுட்டு, பதினோராம் நாள் காலையில் சண்முகவள்ளி உடம்பை அலசிக்கொண்டு, பழைய நைட்டியோடு உள்ளே இறங்கினாள். முட்டி முழுகியது. கண்ணை மூடினாள். அரைமணி கழித்து, தண்ணீருக்கு அடியில் அந்தக் கால் மெதுவாக, ரொம்ப மெதுவாக, பாதி மடங்கியது. பார்த்துக்கொண்டிருந்த உடையப்பன் துண்டால் மூக்கைத் துடைத்துக்கொண்டார். தூசி என்றார்.

அப்போது பாண்டியராஜின் தலை சுவருக்கு மேல் வந்தது. உடையப்பன் தொண்டையைச் செருமினார். "தம்பி, இந்த மாதிரித் தொட்டிக்குள்ள எண்ணெய் மட்டும் ஆகவே ஆகாது. கம்பெனிக்காரனுக்கே தெரியாது. நான் கண்டுபிடிச்சது."

சண்முகவள்ளி கண்ணைத் திறக்காமல், பக்கத்துக் கல்லில் இருந்த புத்தகத்தை எடுத்து நீட்டினாள். நாலாம் பக்கம். ஒரு புட்டி சாய்ந்து சொட்டுகிறது; அதன்மேல் பெரிசாக ஒரு பெருக்கல் குறி. உடையப்பன் அதைக் கிட்டத்தில் வைத்துப் பார்த்தார், தூரத்தில் வைத்துப் பார்த்தார்.

"அது எண்ணெய்ப் புட்டின்னு யார் சொன்னா? சாராயப் புட்டியா இருக்கும்."

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். உங்கள் வீட்டுக்கு வாசிங் மிசின் வந்து எத்தனை வருசம் ஆகிறது? கூட வந்த புத்தகம் எங்கே? பீரோவில் தேட வேண்டாம். மிசின் ஆடாமல் நிற்கிறதல்லவா, குனிந்து அதன் காலுக்கு அடியில் பாருங்கள். இருந்தால் அவசரப்பட்டு உருவிவிடாதீர்கள், முதலில் குழாயை மூடுங்கள். எப்படி மூடுவது என்று அந்தப் புத்தகத்திலேயே போட்டிருக்கிறது.