ஷோஷோனி மாஸ்டரும் காவடி போன வழியும்

ஷோஷோனி மக்களின் சரித்திரத்தைப் பத்து விரலாலும் படித்த ஊர் உலகத்திலேயே ஒன்றுதான் உண்டு. அது எங்கள் திருத்தணி. அமெரிக்காவில்கூட அதைக் கண்ணால்தான் படிப்பார்கள். எழுபதுகளில் எங்கள் ஊரில் டைப்ரைட்டிங் லோயர் பரீட்சை பாஸ் செய்த அத்தனை பேரும் அந்த மக்களின் வேட்டையையும் கல்யாணத்தையும் சாவையும் அடித்து அடித்தே பாஸ் செய்தார்கள். அந்த ஜனங்கள் யார், எங்கே இருந்தார்கள், என்ன ஆனார்கள் என்று அவர்களில் யாரையாவது இன்று கேட்டுப் பாருங்கள். முழிப்பார்கள். விரலுக்குத் தெரிந்தது தலைக்கு ஏறவில்லை. வேலை கிடைத்தது, போய்விட்டார்கள்.

அடிக்க வைத்தவர் ஷோஷோனி மாஸ்டர். மலைப்படிக்கட்டுக்குப் போகிற தெருவில் சொந்த வீடு. முன்னறையில் இன்ஸ்டிடியூட், நடுவில் அவர், பின்னறையில் நான். நான் மணவூர்க்காரன், தாலுகா ஆபீசில் குமாஸ்தா. வாடகை குறைவு என்று குடி போனேன். மீதியைக் காதால் கட்ட வேண்டும் என்பது போன பிறகுதான் தெரிந்தது.

அந்தப் புத்தகங்கள் அவரிடம் வந்து சேர்ந்த கதையே ஒரு கூத்து. அரக்கோணத்தில், ரயிலில் வந்து யாரும் கேட்காமல் கிடக்கிற பார்சல்களை ஏலம் விட்டார்கள். மாஸ்டருக்கு அக்கா புருஷன் ஒருவர் அம்மையார்குப்பத்தில் தறி வைத்திருந்தார். பாவா என்றுதான் கூப்பிடுவார். ஊர் உலகத்தில் தனக்குத் தெரியாத வியாபாரமே இல்லை என்று திரிந்த மனுஷன். அவர்தான் ஒரு மரப்பெட்டியை அசைத்துப் பார்த்துவிட்டு, "தாளு மச்சான்! கனத்தைப் பாரு. உன் இன்ஸ்டிடியூட்டுக்கு ரெண்டு வருசம் வரும்" என்று கையைத் தூக்க வைத்தார்.

வீட்டுக்குக் கொண்டுவந்து உடைத்தால் தாள்தான். இரண்டு பக்கமும் அச்சடித்த தாள். பெட்டி நிறைய இங்கிலீஷ் புத்தகங்கள், அத்தனையும் அமெரிக்காவின் மேற்கே மலையிலும் வறண்ட வெளியிலும் வாழ்ந்த ஷோஷோனி என்கிற ஆதிகுடிகளைப் பற்றி. யார் யாருக்கு அனுப்பியதோ, முருகனுக்கே வெளிச்சம்.

"இன்னா பாவா இது?" என்றார் மாஸ்டர்.

"நான் தாளுன்னுதானே சொன்னேன்? எழுதாத தாளுன்னா சொன்னேன்?" என்று பாவா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு பஸ் ஏறிவிட்டார்.

வேறு ஆளாக இருந்தால் எடைக்குப் போட்டிருப்பான். மாஸ்டருக்கு ரோஷம். ஏமாந்துவிட்டான் என்று தெருவில் ஒருத்தன் சொல்லிவிடக் கூடாது. "பசங்களுக்குப் பாடம் அடிக்கத்தான் வாங்கினேன்" என்று மறுநாளே முதல் புத்தகத்தை மிஷின் பக்கத்தில் நிறுத்தினார். வீம்புக்குப் படிக்க ஆரம்பித்தவரைப் புத்தகம் பிடித்துக்கொண்டது. அதன் பிறகு அவர் வாயிலிருந்து வேறு சங்கதி வந்து நான் கேட்கவில்லை.

பெண்ணைச் சேர்க்க ஓர் அம்மா வருவார். "முயல் புடிக்க ஊரே சேந்து வலை கட்டுவாங்கம்மா. வலை ஒருத்தனுது, முயல் எல்லாருக்கும். எப்படி?" என்பார். அந்த அம்மா, "அதெல்லாம் சரி மாஸ்டர், பாஸ் ஆயிடுவாளா?" என்பார். கறிகாய்க்காரியிடம் பைன் மரத்துக் கொட்டையை எப்படி உதிர்ப்பது, எப்படி வறுப்பது, மாவாக்கிக் கஞ்சி காய்ச்சுவது என்று பாடம் நடத்துவார். அவள் கூடையைத் தூக்கிக்கொண்டு ஓடுவாள். ஷோஷோனி என்பதே மற்றவர்கள் வைத்த பெயராம். அவர்கள் தங்களை 'நெவெ' என்று சொல்லிக்கொள்வார்களாம். மக்கள் என்று அர்த்தமாம். "பேரு வைக்கிறவன் ஒருத்தன், அதைச் சுமக்கிறவன் வேற ஒருத்தன், பாத்துக்க நைனா" என்பார். தெரு அவருக்கு ஷோஷோனி மாஸ்டர் என்று பெயர் வைத்ததும் அவர் சுமந்ததும் அப்படித்தான்.

நான் தப்பிக்க முடியாத நேரம் சாப்பாட்டு நேரம். தட்டின் எதிரே வந்து உட்கார்ந்துவிடுவார்.

"யாரனா செத்துட்டா, அப்புறம் அந்தப் பேரை வாயால சொல்ல மாட்டாங்களாம் நைனா. துக்கத்துக்கு முடியை வெட்டிப்பாங்களாம். இருந்த குடிசையைக் கொளுத்திட்டு வேற எடத்துக்குப் போயிடுவாங்களாம்."

"சோறு துன்னுகினு இருக்கும்போதா மாஸ்டர் இதைச் சொல்றது?"

"வேற எப்ப சொல்றது? மத்த நேரம்லாம் நீ ஓடிடறியே."

இந்தச் சிரிப்பெல்லாம் லாட்ஜ்காரர் வருகிற வரைக்கும்தான்.

மாஸ்டர் வீட்டை ஒட்டி நீளமாக ஒரு மனை இருந்தது. அவர் அப்பா வெட்டிய கிணறு, ஒரு புங்கமரம், துணி துவைக்கிற கல். பெண்டாட்டி போய்ச் சேர்ந்த பிறகு, பிள்ளை குட்டி இல்லாத மனுஷனுக்கு இந்த வீடும் அந்த மனையும்தான் மிச்சம். அதற்கு அந்தப் பக்கம் லாட்ஜ் வந்தது. ஓர் ஆடிக் கிருத்திகைக்கு முன்னால் லாட்ஜ்காரர் நெற்றி நிறைய விபூதியோடு வந்து நின்றார்.

"மாஸ்டர், காவடி எடுத்துகினு வர்றவங்க அந்தச் சந்து வழியா சுத்திகினு போறாங்க. வெறுங்காலு, அலகு வேற குத்தியிருக்காங்க. உங்க மனை வழியா விட்டீங்கன்னா நேரா படிக்கட்டு. வழி மட்டும்தாங்க."

எங்கள் ஊரில் எதை வேண்டுமானாலும் மறிக்கலாம், காவடியை மறிக்க முடியாது. கல்யாண ஊர்வலமே ஒதுங்கி நிற்கும். அது தெரிந்துதான் அந்த மனுஷன் முருகனைக் கையோடு கூட்டிக்கொண்டு வந்தார். மாஸ்டர் வேலியைப் பிரித்தார். வழி மட்டும், காவடிக்கு மட்டும் என்று தானே ஒரு பேப்பரை ஒரு பிழையில்லாமல் அடித்தார், இரண்டு பேரும் கையெழுத்துப் போட்டார்கள்.

நான் விடவில்லை. "மாஸ்டர், உங்க புத்தகத்துலேயே இருக்கே! வெள்ளைக்காரன் வழி மட்டும் கேட்டுத்தானே கையெழுத்து வாங்கினான்? வண்டி போவ, தபால் போவ. நீங்கதானே எனக்கு மூணு வேளையும் சொன்னீங்க?"

"தெரியும் நைனா."

"தெரிஞ்சுமா?"

"காவடியை நிறுத்தச் சொல்றியா?" என்றார்.

கிருத்திகை முடிந்தது, வேலி திரும்பக் கட்டப்படவில்லை. காவடி போன வழியில் செருப்பு வைக்க ஒரு பந்தல் வந்தது. பிறகு சைக்கிள் ஸ்டாண்ட். பக்தர்கள் குளிக்கத் தண்ணீர்த் தொட்டி வந்தது, கிணற்றில் மோட்டார் இறங்கியது. ஒவ்வொன்று வரும்போதும் மாஸ்டர் புத்தகத்தில் வெள்ளைக்காரன் செய்ததைப் புரட்டிப் பார்த்து, "இப்ப சத்திரம் போட்டுட்டான் நைனா. அடுத்தது மரம் வெட்டுவான் பாரு" என்பார். லாட்ஜ்காரர் அந்தப் புத்தகத்தைப் படித்திருக்க வாய்ப்பே இல்லை. ஆனாலும் வரி பிசகாமல் நடந்துகொண்டார். புங்கமரம் போனது.

மரம் போன அன்றைக்கு மாஸ்டர் நேராக லாட்ஜுக்குப் போய், கல்லாவின் முன் நின்று புத்தகத்தைத் திறந்து, குடிசையைக் கொளுத்துகிற பகுதியைக் கணீரென்று வாசித்துத் தமிழிலும் சொல்லியிருக்கிறார். அந்த மக்கள் எதையெல்லாம் விட்டுப் போனார்கள் என்று லாட்ஜ்காரருக்குப் புரிய வைப்பது அவர் எண்ணம். லாட்ஜ்காரருக்குப் புரிந்தது ஒன்றே ஒன்று. லாட்ஜைக் கொளுத்துவேன் என்று மிரட்டுகிறான் என்று புகார் கொடுத்துவிட்டார்.

ஏட்டு வந்தார். வாசித்த பக்கத்தைக் காட்டச் சொன்னார். உதட்டை அசைத்துப் படித்துக்கொண்டே வந்தவர் பாதியில் சிரித்துவிட்டார்.

"சார், இது பயிற்சிப் பாடம் சார். லோயருக்கு நானே இத அடிச்சிருக்கேன். இந்த எடத்துல எப்பவும் ரெண்டு தப்பு வுடுவேன்" என்று லாட்ஜ்காரரிடம் சொல்லிவிட்டு, மாஸ்டருக்கு ஒரு வணக்கம் வைத்துவிட்டுப் போனார். ஷோஷோனி படிப்பால் மாஸ்டருக்கு விளைந்த லாபம் வாழ்நாளில் அது ஒன்றுதான்.

பிறகு மனைக்காகக் கோர்ட். பத்திரம், பேப்பர் எல்லாவற்றோடும் புத்தகங்களையும் அதே மரப்பெட்டியில் போட்டு என் தலையில் ஏற்றினார். கூண்டில் ஏறி, வழி கேட்டு வந்தவன் எப்படி நிலத்தை எடுத்துக்கொள்கிறான் என்பதை ஷோஷோனி மக்கள் கதையிலிருந்து ஆரம்பித்தார்.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "இந்த ஷோஷோனி என்பவர் யார்? உங்கள் சாட்சியா?"

"ஆங், சாட்சிதாங்க."

"வரச் சொல்லுங்கள்."

"அவங்க அமெரிக்காவுல இருக்காங்க ஐயா."

கோர்ட்டே சிரித்தது. எங்கள் வக்கீலும் சிரித்தார், அதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை. வெளியே வந்து அவர் சொன்னார்: "பேப்பர்ல வழின்னுதான் இருக்கு மாஸ்டர், இல்லேங்கல. ஆனா அங்க இப்ப தொட்டி இருக்கே, ஸ்டாண்டு இருக்கே. இத்தினி வருசம் சும்மா இருந்துட்டீங்களே. நஷ்டஈடுன்னு ஒரு தொகை தர்றாங்க, வாங்கிகினு ராஜியா போயிடுங்க."

"வாங்கினா நான் வித்ததா ஆயிடும்" என்றார் மாஸ்டர். வாங்கவில்லை. கேஸ் இழுத்து இழுத்துச் செத்தது. ஜன்னலை மறைத்து மதில் எழும்பியது. முன்னறைக்கு வெளிச்சம் போனது, பகலிலேயே விளக்கைப் போட்டுக்கொண்டு பிள்ளைகள் அடித்தார்கள், அப்புறம் அவர்களும் வேறு இன்ஸ்டிடியூட்டுக்குப் போய்விட்டார்கள். தெருக்காரர்கள் லாட்ஜ்காரருக்கு வணக்கம் சொன்னார்கள், மாஸ்டருக்குப் புத்தி சொன்னார்கள். இந்த ஊரில் யார் மதில் கட்டுகிறானோ அவன் பக்கம்தான் தெரு.

எண்பதுகளின் தொடக்கத்தில் ஒரு நாள், இங்கிலீஷ் பேப்பரின் மூலையில் சின்னதாக ஒரு செய்தி வந்திருந்தது. மாஸ்டர் அதைத் தூக்கிக்கொண்டு, வேட்டி அவிழ்வது தெரியாமல் என் ஆபீசுக்கே ஓடி வந்துவிட்டார்.

"நைனா! அங்க கவருமெண்டு அவங்க நெலத்துக்குப் பணம் தரேன்னுச்சாம். வாணான்னுட்டாங்களாம்! நெலம் எங்களுது, நாங்க விக்கலேன்னு சொல்லிட்டாங்களாம்! அவங்களும் வாங்கல நைனா, நானும் வாங்கல!"

ஆபீசே வேடிக்கை பார்த்தது. அவர் கண்ணில் தண்ணீர் வழிந்தது. அத்தனை வருஷத்தில் அவருக்கு ஒரு துணை கிடைத்தது அன்றுதான். அந்தத் துணையும் கடல் தாண்டி இருந்தது. தெருவில் இருந்த நாங்கள் எதற்கு இருந்தோம் என்று எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது.

அடுத்த மழைக்காலத்தில் ஜுரம் வந்து படுத்தார், எழுந்திருக்கவில்லை. பாவா வந்தார். காரியம் முடிந்த ஈரம் காய்வதற்குள், அக்காவுக்கு வந்த பாத்தியதை என்று வீட்டையும் சேர்த்து லாட்ஜ்காரருக்கே கொடுத்தார். "நமக்கு இன்னாத்துக்கு சார் வம்பு?" என்றார் என்னிடம். புத்தகப் பெட்டியை நான் எடுத்துக்கொண்டேன். அவர் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. தாள் வியாபாரத்தில் அவருக்கு ஆர்வம் போயிருந்தது.

வீட்டை இடித்தார்கள். அந்த மக்கள் செத்தவர் குடிசையைத் துக்கத்தில் கொளுத்தினார்கள். எங்கள் ஊரில் கார் நிறுத்த இடித்தார்கள்.

கடப்பாரைச் சத்தம் கேட்டுக்கொண்டிருக்கும்போதே நான் மலை ஏறினேன். எனக்கு அப்போது நல்ல சுருட்டை முடி. நாவிதர் முன்னால் உட்கார்ந்தேன். "இன்னா சார், வேண்டுதலா?" என்றார். ஆங் என்றேன். தலையில் சந்தனத்தோடு எழுந்து வந்தால், "பிரமோஷனா சார்?" என்றார் ஒருவர். "பொண்ணு அமைஞ்சிடுச்சா?" என்றார் இன்னொருவர். எதிரே வந்த லாட்ஜ்காரர் கையைக் குவித்து, "முருகன் கைவுட மாட்டான் சார்" என்றார். அந்த முடி துக்கத்துக்கு வெட்டியது என்பது அந்த மலையில் எனக்கு ஒருத்தனுக்குத்தான் தெரியும்.

சந்நிதியில் அர்ச்சனைத் தட்டை நீட்டினேன். குருக்கள், "பேரு, நட்சத்திரம்?" என்றார். மாஸ்டரின் பெயர் நாக்கு நுனி வரை வந்துவிட்டது. பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன். பின்னால் வரிசை நெருக்கியது.

"சாமி பேருக்கே பண்ணிடட்டுமா?" என்றார்.

தலையாட்டினேன்.

இவ்வளவு எழுதியும் அவர் பெயரை நான் இங்கே எழுதவில்லை. மறந்துவிட்டேன் என்று மட்டும் நினைத்துவிடாதீர்கள்.