பனையன்மடுப் பூதத்தை விடமாட்டேன்

பனையன்மடு,
மல்லாவி.
12.8.1961

பெருமதிப்புக்குரிய மாமா பரமலிங்கம் அவர்களுக்கு,

தங்கள் மூத்த மருமகன் கதிர்காமநாதன் பணிவுடன் எழுதிக்கொள்வது. நான் சுகம். தாங்களும் மாமியும் சுகமாயிருக்க இங்குள்ள குளக்கட்டுப் பிள்ளையாரிடம் தேங்காய் உடைத்திருக்கிறேன். தாங்கள் அனுப்பிய கிளாக்கர் வேலைக் கடிதம் கிடைத்தது. அந்தக் கதிரையில் நான் போய் இருந்தால்தான் தங்கள் மகள் கமலாசனியைத் திரும்ப அனுப்புவேன் என்று எழுதியிருக்கிறீர்கள். இருக்கமாட்டேன் மாமா. இந்தக் குளத்துப் பூதத்தைப் படம் பிடிக்காமல் நான் இந்த ஊரை விட்டு அசையமாட்டேன்.

நடந்தது அரைகுறையாகத் தங்கள் காதுக்கு வந்திருக்கும், ஆகவே நானே சொல்லிவிடுகிறேன். மூன்று மாதமாக வீடு வீடாகப் போய்ப் பூதத்தின் கதை கேட்டேன். கேட்ட ஆளெல்லாம், கண்டவர் என்று இன்னொருவரின் வீட்டைக் காட்டினார்கள். இளையதம்பியர் மட்டும், "நான் கண்டனான் தம்பி, ஏழு முழம் இருக்கும், மூச்சு விட்டால் ஆம்பல் எல்லாம் ஒரு பக்கம் சாயும்" என்றார். அவர் காட்டிய மூலையில் கமெராவும் கையுமாகப் பதினெட்டு நாள் சேற்றில் நின்றேன், அட்டை கடித்தது, காய்ச்சலும் வந்தது, பத்தொன்பதாம் நாள் பின்னேரம் ஆம்பல் கொடியைப் போர்த்துக்கொண்டு கறுப்பாக ஒன்று எழும்பி, மூச்சு விட்டு, ஒருமுறை திரும்பித் தண்ணீருக்குள் தாண்டுபோனது. படச்சுருள் முடியும்வரை எடுத்தேன். சுருள் கொழும்பிலே கழுவி வந்ததும், நெல் மில்லுக்குள் யன்னலைச் சாக்கால் மூடி, சுவரில் வேட்டி விரித்து ஊருக்கே போட்டுக் காட்டினேன். பூதம் திரும்பும் இடத்தில் சனம் அலறும் என்று நான் காத்திருக்க, கச்சு முகம்மது காக்கா எழும்பி வேட்டிக்குக் கிட்டப் போனார்.

"நிப்பாட்டுங்கோ தம்பி. பிறையும் கோடும் தெரியுதெல்லோ. இது எங்கட வாப்பான்ர குறி."

இங்கே ஒவ்வொரு குடும்பமும் தங்கள் மாட்டுத் தொடையில் தனிக் குறி சுடும். ஆளின் முகத்தை மறந்தாலும் குறியை மறக்கமாட்டார்கள். பட்டணத்தில் வளர்ந்த எனக்கு அது எங்கே தெரியும்? இரண்டு வருஷத்துக்கு முன் காணாமற்போன அவருடைய எருமையாம். படம் முடிய முன்னரே சனம் முழுக்கக் கயிற்றோடு குளத்துக்கு ஓடிவிட்டது. மில்லுக்குள் தனியே இருந்து அழுதேன் மாமா, அதை ஏன் ஒளிப்பான்.

ஆனால் யோசித்துப் பாருங்கள். எருமை தொலைந்து இரண்டு வருஷம், பூதத்தின் கதைக்கோ அறுபது வயது. எருமையைப் பிடித்துக் கட்டியாயிற்று, இனி எழும்புவது பூதமேதான். ஆகவே வேலைக் கடிதத்தை இத்துடன் திருப்பி அனுப்புகிறேன். கமலாசனியை வெள்ளிக்கிழமை பஸ்ஸில் ஏற்றிவிடுங்கள். அவா இல்லாமல் எனக்குச் சோறு இறங்குவதில்லை.

மாமியின் முழங்கால் நோ குறைய வேண்டுமென்று கேட்டு, தங்கள் ஆசியையும் எதிர்பார்த்திருக்கும்,
மருமகன் கதிர்காமநாதன்

பி.கு: உறையை ஒட்ட முதல் கமலாசனி வந்து இறங்கிவிட்டா. தங்களுக்குச் சொல்லாமல் வந்தவாவாம், என்னைக் காதில் பிடித்து இழுத்துக்கொண்டு போகவாம். முகம் கழுவக் குளத்துக்குப் போனவா திரும்பி ஓடிவந்து, "காக்கான்ர எருமையைக் கட்டியாச்செல்லோ?" என்றா. "ஓம்" என்றேன். "அப்ப நடுக்குளத்தில நிக்கிறது என்ன?" என்றா. போய்ப் பார்த்தேன். அதற்குக் கொம்பு இல்லை மாமா, காதும் இல்லை. வேலைக் கடிதத்தை உறையிலிருந்து திரும்ப எடுத்துவிட்டேன், திங்கட்கிழமையே அந்தக் கதிரையில் இருப்பேன். தங்கள் மகளைத்தான் தாங்கள் எழுதிக் கூப்பிட வேண்டும். "பயமெண்டால் நீங்கள் போங்கோ, நான் படம் எடுத்துக்கொண்டு வாறன்" என்று கமெராவோடு சேற்றுக்குள் நிற்கிறா.