முதல் அடிக்கு வழக்காடிய ஸ்டே சாமி

காஞ்சிபுரத்தில் பெருமாளைவிட அதிகமாக முன்சீப் கோர்ட்டைச் சேவித்த ஒரே மனிதர் ஸ்டே சாமிதான். நெற்றியில் நாமமும் கக்கத்தில் கோர்ட் உத்தரவின் நகலும் இல்லாமல் அவரை யாரும் பார்த்ததில்லை. அவருடைய சொந்தப் பெயர் எனக்குத் தெரியும், மனுவில் அதை அடித்தவனே நான்தான். ஆனால் தறிக்காரர் முதல் கோர்ட் டவாலிவரை எல்லோருக்கும் அவர் ஸ்டே சாமி.

தொண்ணூறுகளில் நான் சாமியின் வக்கீலிடம் டைப்பிஸ்டாக இருந்தேன். எங்கள் பேட்டையில் ஒரு சின்னப் பெருமாள் கோயில். சுவாமி புறப்பாட்டில் ஒருவர் பாசுரத்தின் முதல் அடியை எடுத்துக் கொடுப்பார், கோஷ்டி மொத்தமும் சேர்ந்துகொள்ளும். அந்த முதல் அடி தன் வம்சத்துக்கு உரியது என்பது சாமியின் கட்சி. இல்லை, எங்கள் வம்சத்துக்கு என்றார் அதே தெருவில் மூன்று வீடு தள்ளியிருந்த பெரியவர். வழக்குப் போட்ட நாளிலிருந்து சாமி அவரைப் பெயர் சொல்வதை நிறுத்திவிட்டார். பால்காரரிடம்கூட, "எதிர்வாதி ஆத்துல ஊத்திட்டு அப்புறமா இங்க வரயோ?" என்றுதான் சண்டை பிடிப்பார்.

மனு அடிக்கும்போது என் உயிரை வாங்குவார்.

"சிலையைத் தூக்கிச் செல்லும்போதுன்னு உங்க வக்கீல் எழுதியிருக்காரே, சிலைக்கு எதுக்குய்யா குடை பிடிக்கறோம்? பெருமாள் எழுந்தருளும்போதுன்னு அடி."

மூன்று கார்பன் வைத்து அடித்த பக்கத்தைக் கிழித்துப் போட்டுவிட்டு மறுபடி அடித்தேன்.

முதலில் வந்தது இடைக்கால உத்தரவு, அவருக்குப் பெயர் வாங்கித் தந்த அந்த ஸ்டே. வழக்கு முடியும்வரை இரண்டு தரப்பும் வாய்விட்டுப் பாசுரம் சொல்லக் கூடாது. இரண்டு வருடம் பெருமாள் வெறும் நாதஸ்வரத்தோடு வீதி சுற்றினார். முன்னால் இரண்டு தரப்பாரும் ஒருவரையொருவர் முறைத்தபடி நடந்தார்கள். ஒருநாள் பந்தோபஸ்துக்கு வந்த இன்ஸ்பெக்டர் ஓடி வந்தார்.

"சாமி, உதடு அசையுது. இன்னா சொல்லிக்கினு வர்றீங்க?"

"உத்தரவைப் படிங்கோ. வாய்விட்டுச் சொல்லத்தான் தடை. உதட்டுக்கு இல்லை."

இன்ஸ்பெக்டர் நடுத்தெருவில் நின்று முழுசாகப் படித்தார். உதட்டைப் பற்றி ஒரு வரியும் இல்லை. தொப்பியைச் சரிசெய்துகொண்டு போய்விட்டார். அந்தப் பக்கம் எதிர்வாதியின் உதடும் அசைந்துகொண்டிருந்ததை அவர் கவனிக்கவில்லை.

கடைசியில் சாமி ஜெயித்தார். இனி அவர்தான் எடுத்துக் கொடுக்க வேண்டும், எதிர்வாதி சேர்ந்து சொல்லலாம், எடுத்துக் கொடுக்கக் கூடாது. "பின்பாட்டுப் பாட நான் வர மாட்டேன்" என்று பெரியவர் கோயிலுக்கு வருவதையே விட்டுவிட்டார். அந்த மாதமே கிணற்றடியில் வழுக்கி விழுந்து காலையும் உடைத்துக்கொண்டார்.

பங்குனி உற்சவம் வந்தது. காலைப் புறப்பாட்டில் சாமியின் குரல் தெருக்கோடி வரை கணீரென்று கேட்டது. பெரியவர் வீட்டு வாசலில் பல்லக்கு நின்றது. கட்டுப் போட்ட காலோடு நாற்காலியில் உட்கார்ந்திருந்தார் அவர். மடியில் தேங்காய்த் தட்டு. அடுத்த பாசுரத்துக்கு வாயைத் திறந்த சாமி, அவரைப் பார்த்ததும் மூடிக்கொண்டார்.

"ஸ்வாமி, எடுங்கோ" என்றார் பெரியவரிடம்.

"கோர்ட்டு கூடாதுன்னு சொல்லியிருக்கே" என்றார் பெரியவர்.

"கோர்ட்டுதான் சொல்லித்து, நான் சொல்லலை. பெருமாள் காத்துண்டிருக்கார், எடுங்கோ."

அன்றைக்கும் பந்தோபஸ்துக்கு வந்திருந்த இன்ஸ்பெக்டர் பதறிப்போனார். "இன்னா சாமி இது, நீங்க வாங்கின ஆர்டரை நீங்களே மீறுறீங்க? கோர்ட் அவமதிப்புன்னு கேஸ் ஆயிடும்!"

"புகார் குடுக்க வேண்டியவன் நான்தானே? குடுக்கலை. சித்த ஓரமா நில்லுங்கோ."

பெரியவர் முதல் அடியை எடுத்தார். பாதியில் நின்றுவிட்டார். சாமி அவசரப்படவில்லை. மிச்சப் பாதியைத் தான் சொல்லிவிடவும் இல்லை. தலையைக் குனிந்துகொண்டு காத்திருந்தார். பெரியவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு அந்த அடியை முடித்த பிறகுதான், கோஷ்டியோடு கோஷ்டியாகச் சேர்ந்துகொண்டார்.

அத்தனை வருடம் என்னைப் படுத்தியெடுத்த அந்த மனிதரை எனக்கு அன்றைக்கு ரொம்பப் பிடித்துப் போயிற்று.