இல்லவே இல்லாத வாய்க்கால்

படூர்,
11-12-2005

அன்புமிக்க மாப்பிள்ளை பார்த்தசாரதிக்கு,

ஜானகிராமன் எழுதிக்கொண்டது. இங்கு நானும் சியாமளாவும் உயிரோடு இருக்கிறோம். நலம் என்று எழுதப் பேனா வரவில்லை. அங்கே நீங்களும் என் தங்கை வரலட்சுமியும் குழந்தை கவியாவும் நனையாமல் இருக்க வேண்டும்.

என் வீட்டுக்குப் பக்கத்து மனையை நீங்கள் வாங்க வேண்டாம். போன மாதம்வரை வாங்கச் சொல்லி நச்சரித்தவன் நான்தான். காரணத்தை எழுதக் கூச்சமாக இருக்கிறது. ஆனாலும் எழுதுகிறேன்.

கல்பாக்கத்தில் முப்பது வருடம் கருவிகளின் அளவு சரிபார்த்து ஓய்வு பெற்றவன், பத்திரத்தில் 'நன்செய்' என்று இருந்ததைப் படிக்காமலா வாங்கியிருப்பேன்? படித்தேன். தரகர், "அதெல்லாம் அந்தக் காலத்துப் பேரு சார். பஞ்சாயத்துல பேப்பர் வாங்கித் தரேன், வூடு கட்டிகினு நிம்மதியா இரு" என்றார். அந்தப் பேப்பர் செல்லாது என்பது சுற்றுச்சுவர் எழும்பிய பிறகு தெரிந்தது. சுவரோ, ஏரியிலிருந்து கீழ் வயல்களுக்குத் தண்ணீர் போகும் வாய்க்காலின் மேலேயே நின்றது. கீழ் வயலில் சந்திரம்மா என்று ஒரு அம்மாள். நாற்பது வருடம் அடுத்தவர் நிலத்தில் நாற்று நட்டு, கடைசியில் சொந்தமாக அரை ஏக்கர் வாங்கியவள். அவள் பயிர் காய்ந்தது. மூன்று முறை என்னைத் தேடி வந்தாள். மூன்று முறையும் நான் தூங்குவதாக சியாமளாவைச் சொல்ல வைத்தேன். அதற்குப் பிறகு அவள் வரவில்லை, செங்கல்பட்டு கோர்ட்டிலிருந்து சம்மன் வந்தது.

கூண்டில் ஏறி, அங்கே வாய்க்காலே கிடையாது என்று சத்தியம் செய்தேன். வக்கீல் சொல்லிக்கொடுத்ததுதான், ஆனால் வாய் என்னுடையது. நேரில் பார்த்து வர, நீதிபதி ஒரு இளம் வக்கீலைக் கமிஷனராக அனுப்பினார். அவர் வருவதற்குள் வாய்க்காலின் மிச்சத்தில் இரண்டு லாரி செம்மண் கொட்டி, மேலே குரோட்டன்ஸ் நட்டேன்.

அவர் வந்த அன்று, மூன்று நாள் மழையில் ஏரி நிரம்பி வழிந்தது. காபி கொடுத்து உட்காரவைத்தேன். குளியலறைத் துவாரம் வழியே தண்ணீர் ஏறி வந்தது. பின்னாலேயே ஒரு கெளுத்தி மீன் வந்து கமிஷனரின் நாற்காலியடியில் நின்றது.

"இது என்ன சார்?"

"வளர்க்கிறோம்" என்றேன். சுத்த சைவமான சியாமளா சமையலறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

அரை மணியில் முழங்கால் தண்ணீர். சுவர் வீட்டையே தொட்டியாக்கிவிட்டது. கமிஷனர் நாற்காலி மேல் நின்று எழுதிக்கொண்டிருந்தார். வெளியே காத்திருந்த சந்திரம்மாவும் அவள் தம்பி சின்னையனும் கடப்பாரையோடு வந்தார்கள்.

"சுவத்த ஒடச்சாதான் தண்ணி வடியும். நீ சொல்லு சார், ஒடைக்கிறோம். சொல்லாம ஒடச்சா அதுக்கும் கேஸ் போடுவ."

"உடைம்மா."

"எந்த எடத்துல? வாய்க்கா எந்தப் பக்கம் போவுதுன்னு நீயே காட்டு."

அவளுக்குத் தெரியாதா என்ன? கமிஷனர் எழுதுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். நான் கையை நீட்டிக் காட்டினேன்.

சின்னையன் அங்கேயே இடித்தான். தண்ணீர் பழகிய வழியில் கிடுகிடுவென்று போனது. சந்திரம்மா எங்களைத் தன் வீட்டுக்குக் கூட்டிப்போய் சியாமளாவுக்கு உலர்ந்த புடவையும் எனக்கு ஒரு துண்டும் கொடுத்தாள். "பென்ஷன் வாங்கற மனுஷன், கண்ணெதிர கீற வாய்க்கால இல்லன்னு சொல்ல எப்டி சார் வாய் வந்துச்சி?" என்று கேட்டாள். கோபமாகக் கேட்டிருந்தால் ஏதாவது பதில் சொல்லியிருப்பேன். அவள் தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள். துண்டில் முகத்தை மறைத்துக்கொண்டு வெகுநேரம் தலை துவட்டினேன். துவட்டுகிற அளவுக்கு என் தலையில் முடி இல்லை என்பது உங்களுக்கே தெரியும்.

நான் சொன்னது பொய் என்று கோர்ட்டில் எழுதிக் கொடுக்கப்போகிறேன். வீட்டை இடிக்கச் சொன்னாலும் சரி, கூடுவாஞ்சேரியில் வாடகைக்குப் போய்விடுவோம். வரலட்சுமிக்கும் கவியாவுக்கும் என் ஆசி. குழந்தை படிப்போடு கொஞ்சம் வெட்கமும் கற்று வளரட்டும்.

இப்படிக்கு,
தலை நிமிர முடியாத மைத்துனன்,
ஜானகிராமன்

பி.கு.: கடிதத்தை ஒட்டப்போகும்போது என் வக்கீல் வந்தார். கமிஷனரின் அறிக்கையை ஆட்சேபித்து மனு தயாராம். அன்று என் கை குளிரில் நடுங்கி அந்தப் பக்கம் நீண்டதே தவிர, எந்த வாய்க்காலையும் காட்டவில்லை என்று அதில் எழுதியிருக்கிறது. கையெழுத்துப் போட்டுவிட்டேன். வரலட்சுமிக்கு இந்தக் கடிதத்தைப் படித்துக் காட்ட வேண்டாம்.