ஆர்னால்டுக்கு ஒரு பிடி அரிசி

ஒரு மொழியில் பரீட்சை எழுதித் தேறுவது வேறு. அந்த மொழியில் சிரிக்கத் தெரிவது வேறு. இந்த உண்மை எனக்கு இருபத்திரண்டாவது வயதில், ஆலயத்துக்குள், ஊரே பார்த்திருக்க, அரிசி மூட்டைகளுக்கு நடுவில் நின்றபோதுதான் தெரிய வந்தது. ஒரு மாதம் முந்தித் தெரிந்திருந்தால் பள்ளிக்கூட வாத்தியாராக வாழ்ந்து மரியாதையோடு ஓய்வு பெற்றிருப்பேன்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பதுகளின் தொடக்கம். பூதப்பாண்டிக்குப் பக்கத்தில் எங்கள் ஊர். இன்டர்மீடியட் பரீட்சையில் இங்கிலீஷில் முதல் வகுப்பு வாங்கிவிட்டு இரண்டு வருடமாக வீட்டில் இருந்தேன். என் இங்கிலீஷ் வேதாகமத்திலும் பாடப்புத்தகக் கட்டுரைகளிலும் விளைந்தது. நான் பார்த்த வரையில் எங்கள் பக்கத்தில் அந்த மொழி மூன்று காரியத்துக்குத்தான் பயன்பட்டது: சர்க்கார் உத்தரவு, பரீட்சை, பிரசங்கம். மூன்றிலும் யாரும் வேண்டுமென்று சிரிக்க வைப்பதில்லை. இங்கிலீஷில் வேடிக்கை எழுதுவார்கள் என்பதை எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. (பாடத்திட்டத்தில் இல்லை.)

என் தாய்மாமன் ஏசுவடியான் முட்டத்தில் மிஷன் பங்களாவில் சமையல்காரர். கோடையில் கடற்காற்றுக்காக வெள்ளைக்காரக் குடும்பங்கள் அங்கே வந்து தங்கும். அந்த வருடம் ஒரு அமெரிக்க அம்மாள் இரண்டு மாதம் இருந்துவிட்டுப் போகும்போது ஆறு நாவல்களை விட்டுவிட்டுப் போனார். மாமா அவற்றை ஒரு தலையணை உறையில் கட்டி, துக்க வீட்டுக்கு வருகிறவர் மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு கொண்டு வந்தார்.

"இதைப் படிக்கும்போ அந்த அம்மையைப் பாக்கணும் மக்கா. தோளு ரெண்டும் குலுங்கும். கண்ணுல இருந்து தண்ணியா ஊத்தும். சூப்பு கொண்டு வைக்கதுக்கே எனக்குச் சங்கடமா இருக்கும். ஆருக்க துக்கமோ, என்ன துக்கமோ."

சத்தம் போட்டா அழுதார்கள் என்று கேட்டேன்.

"வெள்ளக்காரி சத்தம் போட்டு அழுவாளாலே? வாயைப் பொத்திக்கிட்டுத்தான்."

மாமா இருபது வருடம் வெள்ளைக்காரருக்குச் சமைத்தவர். வெள்ளைக்காரர் சம்பந்தமான விஷயங்களில் எங்கள் குடும்பத்தில் அவருக்கு எதிர்ப்பேச்சு கிடையாது. ஆகவே அகராதியையும் ஒரு நோட்டையும் எடுத்துக்கொண்டு, துக்கப்படுவதற்கு ஆயத்தமாகப் படிக்க உட்கார்ந்தேன்.

ஆறு நாவலும் ஒரே குடும்பத்தின் கதை. அமெரிக்காவில் நடுத்தரமான ஒரு பட்டணம். ஆர்னால்டு என்பவர் ஆபீஸ் உத்தியோகஸ்தர். மனைவி மேபல், மூன்று பிள்ளைகள். முதல் அத்தியாயத்தில் பனி கொட்டும் காலையில் வீட்டுக்குக் கீழே உள்ள நிலவறைக்குப் போய்க் கரியடுப்பைப் பற்ற வைக்கப் பார்க்கிறார். புருவம் கருகுகிறது. கரிக்குவியலில் விழுகிறார். அடுப்பு நன்றாகப் பிடித்து எரியத் தொடங்கும்போது வசந்தகாலம் வந்துவிடுகிறது. நான் நோட்டில் 'குளிரின் கொடுமை' என்று தலைப்பிட்டு எழுதிக்கொண்டேன். மேபல் மாதர் சங்கத்துக்குப் போகிற நாட்களில் ஆர்னால்டு இடுப்பில் துணியைக் கட்டிக்கொண்டு பாத்திரம் கழுவுகிறார். 'ஆண்களின் நிலை.' ஒரு வாரம் தங்கிப்போக வந்த மச்சினன் ராய் இரண்டு குளிர்காலம் கழிந்தும் போகவில்லை. ஆர்னால்டின் கோட்டையே போட்டுக்கொண்டு திரிகிறான். 'உறவினரால் வரும் உபத்திரவம்.' பண்டிகை நாளில், முழுசாகப் பொரித்த பெரிய கோழியை ஆர்னால்டு கத்தியால் வெட்டப் போக, அது வழுக்கிப் பறந்து மேபலின் அத்தை மடியில் விழுகிறது. இதைப் படித்த அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை.

இதை இன்றைக்குப் பரிகாசமாக எழுதினாலும் அன்று எனக்கு ஏற்பட்டது பெரிய வியப்பு. நான் பார்த்த வெள்ளைக்காரர்கள் காரில் இருந்தார்கள், பிரசங்க மேடையில் இருந்தார்கள், பிறர் பிடித்த குடைக்குக் கீழே இருந்தார்கள். அவர்களுக்கும் ஒரு வீடு இருக்கும், அங்கே கூரை ஒழுகும், பெண்சாதி ஏசுவாள், மச்சினன் தொந்தரவு செய்வான் என்று நான் நினைத்ததே இல்லை. தாடகை மலையை ஒரே பக்கத்திலிருந்து பார்த்து வளர்ந்தவன் ஒருநாள் மறுபக்கம் போய்ப் பார்த்து, அங்கேயும் நெல்லும் வாழையும் நிற்பதைக் கண்டு திகைத்தது போலிருந்தது.

அந்த நேரத்தில் மிஷன் பள்ளியில் இங்கிலீஷ் வாத்தியார் வேலை காலியாயிற்று. பள்ளிக்கு மேனேஜர் எங்கள் போதகர்தான். என்னைத் தவிர, பி.ஏ. படித்த ஒருவரும் மனுக் கொடுத்திருந்தார். ஞாயிற்றுக்கிழமை பிற்பகல் கூட்டத்தில் உபயோகமான ஒரு விஷயத்தைப் பற்றி நான் பேச வேண்டும், பேச்சு திருப்தியாக இருந்தால் வேலை எனக்கு என்று போதகர் சொல்லிவிட்டார். அப்பாவிடம் யாராவது, மகன் என்ன செய்கிறான் என்று கேட்டால் அவர் இரண்டு வருடமாக இருமலைத்தான் பதிலாகச் சொல்லி வந்தார். அன்று முதல் பெஞ்சில் நடுவில் உட்கார்ந்தார்.

நான் எடுத்துக்கொண்ட விஷயம் 'அமெரிக்காவில் குடும்ப வாழ்க்கை'.

எங்கள் சபையில் வெள்ளைக்காரப் பெயர்களுக்குப் பஞ்சமில்லை. அப்போதே இரண்டு ஆர்னால்டுகளும் ஒரு மேபலும் இருந்தார்கள். (ஒரு ஆர்னால்டு வில்வண்டி வைத்திருந்தார், இன்னொருவர் இன்னும் நடக்கப் பழகவில்லை.) அதனால் நான் பெயரைச் சொன்ன உடனேயே கேட்பவர்களுக்கு அது சொந்தக்காரர் வீட்டுச் சங்கதி ஆகிவிட்டது. நிலவறை அடுப்புக்கு வந்தபோது பெண்கள் பக்கத்தில் முந்தானைகள் அசைந்தன. பாத்திரம் கழுவுகிற இடத்தில் ஆண்கள் தரையைப் பார்த்தார்கள். மச்சினன் ராய் வந்ததும் ஒரு குரல், அவனுக்குக் கல்யாணம் கழிந்ததா என்று கேட்டது. இல்லை என்றேன். அதுதான் காரணம் என்று நாலு பேர் சொன்னார்கள். கோழி பறந்த கட்டத்தில், என் மொழிபெயர்ப்புத் திறமையால், ஒரு விம்மல் கேட்டது.

பேச்சு முடிந்ததும் பெண்கள் சங்கத்தின் தலைவி பாக்கியம் பெரியம்மை எழுந்தார். அவர் எழுந்தால் போதகரே உட்கார்ந்துவிடுவார்.

"நூறு வருசமா அங்க இருந்து நமக்கு அனுப்பிட்டே இருக்காவ. பள்ளிக்கூடம் தந்தாவ, மருந்து தந்தாவ. அவ்வோ வீட்டுல இப்பிடி ஒரு கஷ்டம் உண்டுண்ணு நம்மகிட்ட ஒருத்தரும் சொல்லல்ல. இப்பம் தெரிஞ்சு போச்சு. தெரிஞ்ச பொறவு சும்மா இருக்கப்பிடாது."

(அனுப்பியது லண்டன் மிஷன். ஆனால் லண்டனும் அமெரிக்காவும் எங்களுக்குக் கடலுக்கு அந்தப் பக்கம் அடுத்தடுத்த தெருக்கள்.)

எங்கள் சபைப் பெண்கள் உலையில் அரிசி போடுமுன் ஒரு பிடி எடுத்துத் தனியாக ஒரு கலயத்தில் போட்டு வைப்பார்கள். ஞாயிறுதோறும் அது ஆலயத்துக்கு வரும். பிடியரிசி என்று பெயர். ஒரு மாதப் பிடியரிசி முழுவதும் ஆர்னால்டு குடும்பத்துக்கு என்று அங்கேயே தீர்மானமாயிற்று. போதகர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு, திங்கட்கிழமை பள்ளிக்கு வந்துவிடு என்று என்னிடம் சொன்னார். அப்பா அன்று வீடு வரும்வரை ஒருமுறைகூட இருமவில்லை.

அந்த ஒரு மாதம் நான் வாத்தியார். அதே ஒரு மாதத்தில் ஆர்னால்டு எங்கள் ஊர்க்காரர் ஆனார். அரிசியோடு கருப்பட்டி வந்தது, புளி வந்தது, இரண்டு பாய் வந்தது. சபையில் சேராத பக்கத்து வயல்காரர் ஒருவர், ஐயா வைகுண்டரை வழிபடுகிறவர், ஒரு குலை ஏத்தன் வாழைக்காயைச் சுமந்து வந்து, கஷ்டப்படுகவனுக்கு எந்தக் கோயிலானால் என்ன என்று இறக்கி வைத்தார். போதகர் நான்கு ஞாயிறும் ஆர்னால்டின் அடுப்புக்காக ஜெபித்தார். ராய்க்கு நெய்யூர்ப் பக்கம் ஒரு வரன் பேசலாமா என்று என்னிடம் வயது கேட்டார்கள். நாற்பதுக்கு மேல் இருக்கும் என்று சொல்லித் தப்பித்தேன்.

மாதக் கடைசியில், மிஷன் வேலைகளைப் பார்க்க வந்த ஒரு அமெரிக்கப் பேராசிரியர் எங்கள் ஆலயத்துக்கும் வருகிறார் என்று தெரிந்தது. அவர் கையிலேயே சேர்த்துவிடலாம் என்று முடிவாயிற்று. காலை ஆராதனை முடிந்ததும் எட்டு மூட்டை அரிசியையும் மற்றவற்றையும் மேடைக்கு முன்னே அடுக்கினார்கள். நான்தான் துபாஷி. சான்றுக்காக முதல் நாவலையும் கையில் வைத்திருந்தேன்.

பேராசிரியர் நெட்டையான மனிதர், தலை முழு வழுக்கை. இது ஆர்னால்டு குடும்பத்துக்கு எங்கள் பெண்கள் சேர்த்தது என்று இங்கிலீஷில் சொல்லிப் புத்தகத்தை நீட்டினேன். அவர் அட்டையைப் பார்த்தார். மூட்டைகளைப் பார்த்தார். மறுபடி அட்டையைப் பார்த்தார். பிறகு கைக்குட்டையை எடுத்து வாயைப் பொத்திக்கொண்டார். தோள் இரண்டும் குலுங்கின. கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்தது.

ஆலயமே சேர்ந்து அழுதது. பின்வரிசையிலிருந்து ஏசுவடியான் மாமாவின் குரல் தெளிவாகக் கேட்டது: "பாத்தியளா? இதே மாதிரிதான், அந்த அம்மையும்."

நான் பேராசிரியருக்கு ஒரு முழ தூரத்தில் நின்றிருந்தேன். கைக்குட்டைக்குள்ளிருந்து வந்த சத்தம் எனக்கு மட்டும் கேட்டது. அது அழுகை இல்லை. அந்த ஒரு நிமிடத்தில் ஆறு நாவலும் என் தலைக்குள் ஒன்றன்பின் ஒன்றாகப் புரண்டு நேராயின. புருவம் கருகியது, கோட்டு, கோழி. (இப்போது நினைத்தாலும் கோழி விழுந்த இடம் அபாரமான இடம்.)

அவர் குனிந்து என் காதில் மெதுவாகச் சொன்னார்: இது சிரிப்பதற்கென்று எழுதிய கதை, ஆர்னால்டு என்று யாரும் இல்லை. பிறகு நிமிர்ந்து பெண்கள் பக்கம் பார்த்தார். சிரிப்பு நின்றுவிட்டது. இவர்களிடம் அதைச் சொல்ல எனக்குத் தைரியமில்லை, உன் விருப்பம் என்றார்.

சொல்லாவிட்டால் வேலை நிலைக்கும். முதல் பெஞ்சில் அப்பா கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார். ஆனால் மூட்டைகளுக்குப் பக்கத்தில் தங்கம்மாள் நின்றிருந்தாள். புருஷன் நாலு மாதமாகப் படுக்கையில். அவள் வீட்டில் உலை வைப்பதே ஒருவேளைதான். அவளும் தினம் ஒரு பிடி எடுத்து வைத்திருந்தாள். தன் அரிசி எந்த மூட்டையில் இருக்கிறது என்று தெரிந்தவள் போல ஒன்றைத் தடவிக்கொண்டு நின்றாள்.

சொல்லிவிட்டேன். ஆர்னால்டு இல்லை, மேபல் இல்லை, எல்லாம் வேடிக்கைக்காக எழுதியது, எனக்குத்தான் புரியவில்லை என்றேன். அப்பா நீளமாக இருமினார்.

பாக்கியம் பெரியம்மை எழுந்து முன்னால் வந்தார். என்னைப் பார்க்கவில்லை. பேராசிரியரைப் பார்த்தபடி என்னிடம் சொன்னார்:

"கேளு. இவருக்க வீட்டுல நிலவறை அடுப்பு உண்டா?"

கேட்டேன். உண்டு என்றார்.

"புகையுமா?"

தினமும் என்றார்.

"பாத்திரம் ஆரு கழுவுகா?"

அவர் தயங்கி, சில நாட்களில் தான்தான் என்றார்.

"மச்சினன்?"

பேராசிரியர் வழுக்கையைத் தடவினார். பிறகு மூன்று விரலை உயர்த்தினார். மூன்று வருடம்.

பெரியம்மை சபையைத் திரும்பிப் பார்த்தார். "பேருதான் வேற. ஆளு வந்து நிக்குகாரு. பிள்ளைகளே, மூட்டையைக் காருல ஏத்துங்க."

அந்தத் தீர்ப்புக்கு இணையாக ஒன்றை நான் பிறகு எந்தக் கோர்ட்டிலும் கேட்டதில்லை. கேட்டுச் செய்தி எழுதுவதே பிழைப்பாகிப் போனவன் சொல்கிறேன்.

பேராசிரியர் மூட்டைகளுக்கு முன்னால் போய் நின்றார். இரண்டு கையாலும் அரிசியை அள்ளி அந்த ஈரக் கைக்குட்டையில் முடிந்துகொண்டார். இந்தமுறை தோள் குலுங்கவில்லை. கண் மட்டும் நிறைந்திருந்தது. இது என் வீட்டுக்கு, மீதியை ஆர்னால்டு இந்த ஊரில் கஷ்டப்படுகிறவர்களுக்குக் கொடுக்கிறார் என்று சொல்லச் சொன்னார். முதல் மூட்டை அன்று மத்தியானமே தங்கம்மாள் வீட்டுக்குப் போயிற்று.

என் வேலையும் அன்று மத்தியானமே போயிற்று. போதகர் கோபிக்கவில்லை. "உனக்கு இங்கிலீஷ் தெரியும் தம்பி. ஆனா நாலு ஞாயிறு நான் ஒரு கதைப்புத்தகத்துக்கு ஜெபிச்சிருக்கேன். இனி உன்னைப் பள்ளிக்கூடத்துல பாத்தா எனக்கு அந்த அடுப்பு ஞாபகம் வரும்" என்றார். நியாயம்தான். பி.ஏ. படித்தவர் செவ்வாய்க்கிழமை வேலையில் சேர்ந்தார். நான் பஸ் ஏறித் திருநெல்வேலிக்குப் போய் ஒரு பத்திரிகையில் சேர்ந்து, எந்தச் செய்தியையும் இரண்டு பேரிடம் கேட்காமல் எழுதாத நிருபர் என்று பெயர் வாங்கினேன். (எனக்கு அப்படி ஒரு பயம் பிடித்துப் போயிற்று, சகாக்கள் அதை நேர்மை என்று எடுத்துக்கொண்டார்கள்.)

பிற்காலத்தில் வீட்டில் யாருடைய துக்கத்தைப் பார்த்தாலும், இது அழுகையா சிரிப்பா என்று அப்பாவிடம் கேட்டுவிட்டு வா என்று ஒருவரையொருவர் ஏவுவது என் பிள்ளைகளின் வழக்கமாகிவிட்டது. என் மனைவிக்கு வேறு குறை. அமெரிக்காக்காரன் பாத்திரம் கழுவினதை ஊரைக் கூட்டிச் சொன்னவர், இந்த வீட்டில் ஒரு தம்ளர் கழுவினதில்லை என்பாள்.

ஓய்வு பெற்று நான் ஊருக்கே திரும்பிவிட்டேன். சபையில் இன்றைக்கும் மாதத்தில் ஒரு ஞாயிறு வருகிற பிடியரிசி, அடுப்பு எரியாத வீட்டுக்குப் போகிறது. அதற்கு ஆர்னால்டு பங்கு என்று பெயர். பாக்கியம் பெரியம்மையும் போய்விட்டார். காரணம் தெரிந்தவர்கள் குறைவு. போன மாதம் புதிதாக எங்கள் வீட்டுக்கு வந்த மருமகள், பிடி அரிசியை எடுத்து வைத்துக்கொண்டே, ஆர்னால்டு ஐயர் எந்த வருடம் மிஷனரியாக நம் ஊருக்கு வந்தார் மாமா என்று மரியாதையாகக் கேட்டாள். அடுக்களையிலிருந்து என் மனைவி தலையை நீட்டி என்னைப் பார்த்தாள்.

பிழை என்று தெரிந்தால் திருத்தம் போடுவதுதான் என் தொழில் தர்மம். வருடம் நினைவில்லை அம்மா, குளிர் தேசத்தில் அடுப்போடு ரொம்பக் கஷ்டப்பட்டவர் என்று மட்டும் சொன்னேன்.

அவள் இன்னொரு பிடி எடுத்துப் போட்டாள்.