சக்களத்திக் குரல்

எவாரிஸ்டோவின் கோட்டுப் பையில் நான்காவது சினிமா டிக்கெட்டும் அகப்பட்டபோது ஃபியாமெட்டாவுக்கு வயிறு எரிந்தது. நான்குமே அவள் நடித்த அதே ஓபரா படத்துக்கு.

"யாரைப் பாக்க இத்தனை தடவை போறீங்க?"

"உன்னைத்தான்," என்றார் தொப்பிக்கடைக்காரரான அவள் கணவர், பேப்பரிலிருந்து தலையைத் தூக்காமல்.

புளுகு! வீட்டிலேயே இருக்கிற முகத்தைப் பார்க்க எவனாவது டிக்கெட் வாங்குவானா? ஏழு ஓபரா படங்களில் ஃபியாமெட்டாதான் கதாநாயகி. விஷம் குடித்துவிட்டு, பதினோரு நிமிஷம் பாடிய பிறகே சாகிற கதாநாயகி. ஆனால் ஏழிலும் அவள் வாயை மட்டும்தான் அசைத்தாள், பாடியது எர்சிலியா. முகம் இவளுடையது, உயிர் அவளுடையது என்று ரோம் நகரமே சொல்லிக்கொண்டிருந்தது. ஊர் சொன்னால் தொலையட்டும். கட்டின புருஷனும் அந்தக் குரலில் மயங்கிவிட்டால்?

மறுநாளிலிருந்து அவளே பாடத் தொடங்கினாள். காலைக் காப்பியிலிருந்து அவர் கடைக்குக் கிளம்பும்வரை, அறை அறையாகப் பின்னாலேயே போய்ப் பாடினாள்.

அந்த வாரம் ஐந்து டிக்கெட்டுகள் அகப்பட்டன.

ஆளை நேரில் காட்டினால் மோகம் தெளிந்துவிடும் என்று எர்சிலியாவை ஞாயிற்றுக்கிழமை மதியச் சாப்பாட்டுக்கு அழைத்தாள். ஐம்பது வயது, வாசலை அடைக்கிற உடம்பு, மேலுதட்டில் பூனைமீசை. மறுநாள் மேடைக் கச்சேரி இருந்ததால், தொண்டையைக் காப்பாற்ற அவள் ஒரு வார்த்தையும் பேசவில்லை. வேண்டியதைச் சீட்டில் எழுதி நீட்டினாள். 'இன்னும் கொஞ்சம் ஆட்டுக்கறி.' இரண்டு மணி நேரமும் ஃபியாமெட்டா ஒருத்திதான் பேசினாள்.

விருந்தாளி போனதும் எவாரிஸ்டோ பெருமூச்சு விட்டார். "என்ன அருமையான பொம்பளை!"

"மீசையைப் பாத்தீங்களா?"

"மீசையா? கவனிக்கலையே."

போயிற்று, எல்லாம் போயிற்று. ஃபியாமெட்டா உடனே தயாரிப்பாளருக்குப் போன் போட்டாள்.

"அடுத்த படத்துல வேற யாராவது பாடணும். இல்லேன்னா நான் நடிக்கமாட்டேன்!"

"ரொம்ப நல்லது. வாயசைக்க ஆயிரம் பேர் இருக்காங்கம்மா. இப்படிப் பாடத்தான் ஆள் இல்ல," என்று அவர் போனை வைத்துவிட்டார்.

படம் கைவிட்டுப் போனது. புருஷனையாவது கையும் களவுமாகப் பிடித்துவிடலாம் என்று, சனிக்கிழமை மதியக் காட்சிக்கு முக்காடு போட்டுக்கொண்டு போனாள். வாசலில் டிக்கெட் கிழிக்கிற அஸுந்தாவுக்கு அவளை அடையாளம் தெரியவில்லை.

"தொப்பிக்கடைக்காரர் உள்ளே இருக்காரா?"

"இல்லாமலா? நடு வரிசையில கண்ணைக்கூட இமைக்காம உக்காந்திருக்காரு."

ஃபியாமெட்டா முக்காட்டை இன்னும் கீழே இழுத்துவிட்டுக்கொண்டாள். "அந்தப் பாட்டுக்காரி மேல அவ்வளவு பைத்தியமா?"

"பாட்டா?" அஸுந்தா சிரித்துவிட்டாள். "அந்த மனுஷன் ரெண்டு காதுலயும் பஞ்சை அடைச்சுக்கிட்டில்ல படம் பாக்கறாரு! அவர் பொண்டாட்டிதான் இதுல கதாநாயகியாம். அந்த அழகு மூஞ்சியைச் சத்தமில்லாம பாக்க வீட்டுல ஒருநாளும் குடுத்துவைக்கலையாம், பாவம்!"