ஒரு மஞ்சப்பை செருப்பும் ஒரு பிரம்மஹத்தியும்

கோயிலுக்குப் போகிறவர்கள் எல்லாம் சாமி கும்பிடத்தான் போகிறார்கள் என்று நம்பிக்கொண்டிருந்த வயதில் நான் பி.எஸ்ஸி. இயற்பியல் முடித்தேன். இயற்பியல் எனக்கு வேலை வாங்கித் தரவில்லை. அடுத்தவர்களை ஏளனமாகப் பார்க்க மட்டும் நன்றாகக் கற்றுக்கொடுத்திருந்தது. எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடத்தை முழுசாகத் தாண்டிய முதல் ஆள் நான். அப்பாவுக்குக் கையெழுத்துப் போடத் தெரியும். அதையும் ஒவ்வொரு தடவை ஒவ்வொரு மாதிரி போடுவார். ஆகவே வீட்டில் எந்த விஷயமானாலும் கடைசி வார்த்தை என்னுடையது. (சோற்று விஷயம் தவிர. அது அம்மா இலாகா.)

அந்த வருஷம் ஆற்றில் தண்ணீர் வரவில்லை. குறுவை போயே போய்விட்டது, சம்பாவும் சந்தேகம். குத்தகை நிலம் பாளம் பாளமாக வெடித்துக் கிடக்க, அப்பா தினமும் போய் அதைப் பார்த்துவிட்டு வருவார், ஆஸ்பத்திரியில் படுத்திருக்கும் சொந்தக்காரனைப் பார்த்து வருவது போல. ஊரில் கொஞ்சம் கைகால் திடமாக இருந்தவன் எல்லாம் துபாய்க்கும் சிங்கப்பூருக்கும் போய்விட்டான். அது கிடைக்காதவன் திருப்பூருக்குப் போய், திருப்பூரையே வெளிநாடு மாதிரி பேசிக்கொண்டிருந்தான்.

இந்தச் சமயத்தில்தான் சிங்கப்பூர் மாமா வந்து இறங்கினார். அம்மாவின் அண்ணன், பெயர் தங்கராசு. கப்பல் கட்டும் இடத்துக்கு வெல்டராகப் போய் சூப்பர்வைசர் ஆனவர். வந்த அன்றே முற்றத்தில் நின்று அறிவித்தார்:

"இந்தத் தடவை போறப்ப நம்ம பயலுவள்ல ஒருத்தனை இழுத்துக்கிட்டுப் போறேன். ஒரே ஒரு எடந்தான். எவனுக்கு யோகம் இருக்கோ பாப்போம்."

தகுதியுள்ள பயல்கள் இரண்டு பேர். ஒன்று நான். இன்னொன்று பெரியம்மா மகன் செல்வம். பத்தாம் வகுப்புக் கணக்குப் பரீட்சையை வருஷா வருஷம் திருவிழா போலப் போய்ப் பார்த்துவிட்டு வருகிறவன். இதில் என்ன போட்டி என்று நான் நினைத்தேன். அம்மாவும் அப்படித்தான் நினைத்தாள். பாஸ்போர்ட் போட்டோவுக்காக எனக்குப் புதுச் சட்டைகூடத் தைத்தாகிவிட்டது.

ஆனால் மாமாவுக்கு முதலில் நவக்கிரக யாத்திரை முடிக்க வேண்டியிருந்தது.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். அதற்கு முன்பெல்லாம் எங்கள் ஊர்க்காரர்கள் கிரகங்களைப் பற்றிக் கவலைப்பட்டதில்லை. கிரகங்களும் எங்களைப் பற்றிக் கவலைப்பட்டதாகத் தெரியவில்லை. சூரியனார்கோயில் மதில் ஓரமாக உர மூட்டையை வைத்து சைக்கிள் மிதித்துக்கொண்டு போவோம், ஒரு கும்பிடு, அவ்வளவுதான். நாலு பேர் வெளிநாடு போய் வந்தபிறகுதான் ஒன்பது கிரகமும் சொந்தக்காரர்கள் ஆனார்கள். விசா புதுப்பிக்க ஒரு கிரகம், மெத்தை வீடு கட்ட ஒரு கிரகம், ஃபோர்மேன் திட்டாமலிருக்க ஒரு கிரகம். திருநள்ளாற்றில் குளித்து உடுத்திய துணியைச் சனீஸ்வரனிடம் விட்டுவிட்டு வரவேண்டும் என்றதும், மாமா எங்கள் வீட்டுக் கொடியில் தொங்கிய அப்பாவின் கிழிந்த கைலியைக் கேட்டு வாங்கிக்கொண்டார். (சனியை ஏமாற்றிவிட்டதாக மாமாவுக்குத் திருப்தி. கைலி போனதில் அப்பாவுக்கு வருத்தம்.)

உண்மையில் யாத்திரை என்பது வேன்தான். யார் வேனில் ஏறுகிறார்கள், யார் முன் சீட்டில் உட்காருகிறார்கள், யார் தெருவில் நின்று கையாட்டுகிறார்கள் என்பதில் எல்லாம் முடிந்துவிடும். கோயில் அதற்கப்புறம். எனக்கு மாமாவுக்குப் பின்னாலேயே இடம் கிடைத்தது. "மாப்ளே, நீ படிச்சவன், எல்லாத்தையும் எடுத்துச் சொல்லிக்கிட்டு வா" என்றார். செல்வம் கடைசி சீட்டில், தண்ணீர்க் குடத்துக்குப் பக்கத்தில். குடத்துக்கும் அவனுக்கும் வித்தியாசம் தெரியவில்லை என்று நான் மனசுக்குள் சிரித்துக்கொண்டேன்.

காலையில் திருநாகேஸ்வரம். ராகு மேல் ஊற்றும் பால் நீலமாக மாறுவதைப் பார்த்து மாமாவின் மனைவி, எனக்கு அத்தை, கன்னத்தில் போட்டுக்கொண்டாள். நான் ஒளிச்சிதறல் என்று ஆரம்பித்தேன். அம்மா என் இடுப்பில் கிள்ளிய கிள்ளில் ஒளிச்சிதறல் எனக்கே தெரிந்தது.

அத்தோடு வாயை மூடிக்கொண்டு வந்திருந்தால் நான் இப்போது சிங்கப்பூரில் இருந்திருப்பேன். வேன் ஆடுதுறைப் பக்கம் திரும்பியதும் நானாகச் சொன்னேன்:

"மாமா, வழியிலதான் திருவிடைமருதூர். ஒரு எட்டு பாத்துட்டுப் போயிருவோம்."

"அது எந்தக் கிரகம் மாப்ளே?"

"கிரகம் இல்ல மாமா. கிரகத்துக்கெல்லாம் மேல. பிரம்மஹத்தி தோஷமே போயிரும்."

மாமா யாரையும் கொன்றவர் அல்ல. ஆனாலும் வந்ததுக்கு அதையும் முடித்துக்கொண்டு போவோம் என்றார். கடையில் கொசுறு கேட்கிற அதே குரல்.

கிழக்கு வாசலில் இறங்கினோம். டிரைவரிடம் நான் ஜெனரல் மாதிரி உத்தரவு போட்டேன்: "நீங்க சாப்பிட்டுட்டு அந்தப் பக்கத்து மேல வாசலுக்கு வண்டியைக் கொண்டாந்துருங்க. நாங்க இதால திரும்ப மாட்டோம்." கிழக்கு வாசல் ஓரம் ஒரு பூக்கடை. எல்லோரும் அங்கே செருப்பைக் கழற்றிவிட்டார்கள். மாமாவுடையது வெள்ளை ஷூ. குழந்தையைத் தொட்டிலில் போடுகிற மாதிரி கழற்றி வைத்தார். உள்ளே போனோம்.

உட்கோபுர வாசலில் பிரம்மஹத்தியின் சின்னச் சிலை, சோர்ந்துபோய் உட்கார்ந்திருக்கும். அதன் பக்கத்தில் எல்லோரையும் நிறுத்தி நான் கதையை எடுத்துவிட்டேன்.

"ஒரு பாண்டிய ராஜா. அவர் குதிரை மிதிச்சு ஒரு பிராமணன் செத்துட்டான். அந்தப் பாவம் பிரம்மஹத்தியா ராஜா பின்னாடியே சுத்துது. ராஜா இந்தக் கிழக்கு வாசல் வழியா உள்ள வர்றார். அது உள்ள வர முடியாம, திரும்பி வர்றப்ப புடிச்சுக்குவோம்னு இங்கேயே நின்னுருச்சு. சாமி, 'நீ மேல வாசல் வழியாப் போயிரு'ன்னு ராஜாவை அனுப்பிட்டாரு. அது இன்னும் இங்கேயே காத்துக்கிட்டு இருக்கு."

"இன்னுமா?" என்றாள் அத்தை.

"இன்னும். அதனாலதான் வந்த வழியே யாரும் திரும்பக் கூடாது. நம்மகூட வந்த பாவமெல்லாம் இப்ப அந்த வாசல்லதான் நிக்கும்."

மாமா சூப்பர்வைசர் அல்லவா, சந்தேகம் கேட்டார்: "இவ்வளவு ஜனம் வருது. யாரு ஆளுன்னு அதுக்கு எப்படி மாப்ளே அடையாளம் தெரியும்?"

கதையில் இதற்குப் பதில் கிடையாது. 'தெரியாது மாமா' என்று சொல்ல என் பட்டம் இடம் தரவில்லை. "காலடி வாசனை மாமா. மோப்பம் புடிச்சு வச்சுக்கும்" என்றேன். நாய் வளர்த்த அனுபவம். மாமா குனிந்து தன் காலைப் பார்த்தார். அத்தை புடவையை இழுத்து இழுத்துக் காலை மூடிக்கொண்டாள். நான் சிங்கப்பூர் வானத்தில் மிதந்துகொண்டிருந்தேன்.

கும்பிட்டு, சுற்றி, அந்தப் பக்கத்து வாசல் வழியாக வெளியே வந்து, பாவம் தொலைந்த முகத்தோடு மாமா தெருவில் முதல் அடி எடுத்து வைத்தார். வைத்த காலை உடனே எடுத்தார். உச்சி வெயில், தார் ரோடு. "ஆ! ஊ!" என்று ஒற்றைக் காலில் அவர் ஆடிய ஆட்டத்தைக் கோயிலில் எந்தத் தூணிலும் செதுக்கியிருக்க மாட்டார்கள்.

"செருப்பு எங்கடா?"

வேனை இந்தப் பக்கம் வரச்சொல்லித் திட்டம் போட்ட எனக்குச் செருப்பு ஞாபகம் வரவில்லை. எல்லாம் கிழக்கு வாசலில், பிரம்மஹத்தியின் காவலில்.

"நான் போய் எடுத்தாரேன் மாமா!" என்று கிளம்பினேன். மாமா முகம் மலர்ந்தது. "பாத்தியா தங்கச்சி, பொறுப்பான புள்ள" என்று அம்மாவிடம் சொன்னது காதில் விழுந்தது. செல்வம் நிழலில் நின்று மாமாவுக்குத் துண்டால் விசிறிக்கொண்டிருந்தான்.

வீதியைச் சுற்றிப் போனால் கால் வெந்துவிடும். நடை சாத்தப்போகிற நேரம். நான் திரும்பவும் கோயிலுக்குள் புகுந்து, குளிர்ந்த கல் தரையில் ஓடி, பிரம்மஹத்தி சிலையை ஒரு தாண்டாகக் கடந்து, கிழக்கு வாசல் வழியாகப் பூக்கடையில் போய் நின்றேன். கடைக்கார அம்மா என்னை ஏற இறங்கப் பார்த்தாள்.

"உங்க ஆளுங்கள்லாம் அந்தாண்ட போயிட்டாங்களா?"

"ஆமாங்க."

"நீ மட்டும் இப்படி வர்றியே?"

"குறுக்கு வழிங்க."

"படிச்ச புள்ளையா?"

"பி.எஸ்ஸி.ங்க."

"அதான்" என்று சொல்லி, எடுத்துப் போக ஒரு மஞ்சப்பை கொடுத்தாள். யாரோ கல்யாணத்தில் கொடுத்த பை; மணமக்கள் பெயருக்கு மேல் 'லாபம்' என்று போட்டிருந்தது.

அதற்குள் நடை சாத்திவிட்டார்கள். என் செருப்பைப் போட்டுக்கொண்டு வீதி சுற்றி, பையோடு வெற்றிவீரனாகப் போய்ச் சேர்ந்தேன். வேன் வந்து நின்றிருந்தது. மாமா கையை நீட்டிக்கொண்டே வந்தார். அப்போது செல்வம், பரம சாதுவாக, ஒரு கேள்வி கேட்டான்:

"அண்ணே, போறப்ப எப்படிப் போனீங்க? தார் ரோட்டுல காலு சுடலையா?"

ஒரு பொய். ஒரே ஒரு பொய் போதும், குடும்பமே கரையேறியிருக்கும். நான் பெருமையோடு சொன்னேன்: "நான் எதுக்கு ரோட்டுல போறேன்? உள்ளாற பூந்து கிழக்கு வாசல் வழியாப் போனேன்."

மாமாவின் கை அப்படியே நின்றது.

"அய்யய்யோ, கிட்ட வராதே!" என்று அத்தை வேனுக்குப் பின்னால் ஓடினாள்.

"நாம அங்க விட்டுட்டு வந்ததை அண்ணன் பையில போட்டுக் கையோட கொண்டாந்துட்டாரு மாமா" என்றான் செல்வம். அவன் வாழ்க்கையில் சரியாகப் போட்ட முதல் கணக்கு.

நான் தர்க்கத்தில் இறங்கினேன். "மாமா, கேளுங்க. நான் ரெண்டாவது தடவை உள்ள போனது இந்த வாசல். வெளிய வந்தது அந்த வாசல். வந்த வழியாத் திரும்பலையே! நியாயப்படி—"

"காலடி வாசனைன்னியே?" என்றார் மாமா. "அத்தனை பேரு காலடி வாசனையும் அந்தப் பையிலதானே இருக்கு?"

"அது... அது நானாச் சொன்னது மாமா. கதையில அப்படி இல்ல."

"சாமி சந்நிதியில நின்னுகிட்டுப் பொய் சொன்னியா?"

நிஜம் என்றால் பிரம்மஹத்தி பிடித்தவன், பொய் என்றால் கோயிலில் பொய் சொன்னவன். இரண்டு பக்கமும் வாசல் சாத்தியிருந்தது. அம்மா தலையில் அடித்துக்கொண்டாள்: "பேசாம மாடு மேய்க்க விட்டுருந்தா வாயில்லாம வளந்துருப்பானே!"

மாமா பெருமூச்சு விட்டுச் சொன்னார்: "தம்பி, நீங்க பஸ்ல வந்துருங்க."

'மாப்ளே' போய் 'தம்பி' வந்தது. 'நீ' போய் 'நீங்க' வந்தது. மரியாதை கூடக் கூட சிங்கப்பூர் தூரமாகிக்கொண்டே போனது. வேன் கதவைப் பிடித்துக்கொண்டு மாமா உள்ளே கூப்பிட்டார்: "செல்வம் மாப்ளே, நீ வந்து முன்னாடி ஒக்காரு."

மஞ்சப்பையோடு நான் கும்பகோணம் பஸ் ஏறினேன். அந்தச் செருப்புகளை யாரும் திரும்பக் கேட்கவில்லை. அப்பா மட்டும் பையைக் கவிழ்த்துப் பார்த்து, வெள்ளை ஷூவைத் தட்டி, முன்னால் துணியைத் திணித்துப் போட்டுக்கொண்டு வயலைப் பார்க்கப் போனார். "என் கைலிக்கு இது சரியாப் போச்சு" என்றார். அந்த யாத்திரையில் எங்கள் வீட்டில் லாபமடைந்த ஒரே ஆத்மா அவர்தான்.

அடுத்த மாதம் செல்வம் விமானம் ஏறினான். கிழக்கு வாசலில் வெளியே வந்தவன் நான், கிழக்கே போனவன் அவன். எனக்குக் கும்பகோணத்தில் ஒரு டியூஷன் சென்டர் கிடைத்தது. அங்கே ஒளிச்சிதறல் நடத்துகிறேன், யாரும் கிள்ளுவதில்லை. வீட்டில் பால் பொங்கி வழிந்தாலும், பம்புசெட் நின்றாலும், கரண்டு போனாலும் எல்லோரும் ஒரு கணம் என்னைத் திரும்பிப் பார்ப்பார்கள். அவ்வளவுதான் மிச்சம் என்று நினைத்திருந்தேன்.

இல்லை. செல்வம் ஒவ்வொரு விடுப்புக்கும் வந்து வேன் பிடிக்கிறான். நவக்கிரகத்தோடு திருவிடைமருதூரும் இப்போது நிரந்தரப் பட்டியலில் சேர்ந்துவிட்டது. வேனில் எனக்குக் கட்டாய இடம் உண்டு, பதவி உண்டு. எல்லோரும் கிழக்கு வாசலில் செருப்பைக் கழற்றி என் முன்னால் குவிப்பார்கள். பிறகு அந்தப் பக்கத்து வாசலில் நின்று, "ம், போய் எடுத்துட்டு வாப்பா" என்பார்கள். முதல் முறை நான் மறுத்துப் பார்த்தேன்.

"உனக்கென்னடா? ஏற்கனவே புடிச்சதுதானே, புதுசாவா புடிக்கப் போவுது?" என்றாள் அம்மா. தர்க்கம் என்றால் அது தர்க்கம்.

போன தடவை எனக்குக் கல்யாணமான புதிது. என் மனைவி படித்தவள், எம்.எஸ்ஸி. வழியெல்லாம் இந்தக் கதையைக் கேட்டு, "இதெல்லாம் என்னங்க மூடநம்பிக்கை" என்று எனக்காகச் சண்டையே போட்டாள். எனக்குக் கண் கலங்கிவிட்டது. கிழக்கு வாசலில் இறங்கியதும் அவளும் செருப்பைக் கழற்றினாள். என் முன்னால் இருந்த குவியலைப் பார்த்தாள், வாசலைப் பார்த்தாள், கொஞ்சம் யோசித்தாள். பிறகு தன் ஜோடியை எல்லாவற்றுக்கும் மேலே பத்திரமாக வைத்துவிட்டு, மெதுவாகச் சொன்னாள்:

"என்னோடது வார் லூசா இருக்கு. பாத்து எடுத்துட்டு வாங்க."